செல்பியில் மூக்கு ஏன் பெருக்கிறது?

ஏற்காடு லேடீஸ் சீட்டில், கீழே விரிந்து கிடந்த சேலம் நகரத்தைப் பின்னணியாக வைத்துக் கையை நீட்டிச் செல்பி எடுத்த என் அக்கா மகள், ஒவ்வொரு படத்தையும் விரலால் பெரிதாக்கிப் பார்த்து அழித்துவிட்டு, "சித்தி, என் மூக்கு நெசமாவே இவ்ளோ பெருசா?" என்று கேட்டாள். பதினைந்து வயதில் அது கனமான கேள்வி. சமாதானம் சொல்லித் தட்டிக்கழிக்க மனம் வராமல், கணக்கைச் சொன்னேன்.

மூக்கு நுனிக்கும் காதுக்கும் இடையே ஏறத்தாழ 12 செ.மீ. ஆழம் உண்டு. மூக்கிலிருந்து 30 செ.மீ. தொலைவில் போன் இருந்தால், காது 42 செ.மீ. தள்ளி இருக்கும்; அருகில் உள்ளது பெரிதாக விழும் என்பதால், காதோடு ஒப்பிட மூக்கு 40 விழுக்காடு பெருத்துவிடுகிறது. ஐந்தடி தள்ளி எடுத்தால் அந்த வேறுபாடு 8 விழுக்காடுதான். 2018இல் அமெரிக்க ஆய்வாளர்கள் வெளியிட்ட கணக்கும், 12 அங்குலத் (30 செ.மீ.) தொலைவில் எடுத்த படத்தில் மூக்கு, ஐந்தடி தள்ளி எடுத்ததைவிடச் சுமார் 30 விழுக்காடு அகலமாகத் தெரியும் என்றே காட்டியது.

கண்ணாடிக்கும் இதில் பங்குண்டு. தினமும் இடவலம் மாறிய பிம்பத்தையே பார்த்துப் பழகிய நமக்கு, பிறர் காண்பதுபோலவே படத்தில் விழும் நம் முகம் ஏதோ கோணலாகத் தோன்றுகிறது. 1977இல் நடந்த ஓர் ஆய்வில் பெண்கள் தங்கள் கண்ணாடிப் பிம்பத்தையும், அவர்களுடைய தோழியர் இடவலம் மாறாத படத்தையும் அதிகம் விரும்பினர்.

"அப்போ இன்ஸ்டால இருக்கிற பொண்ணுங்களும் கைய நீட்டித்தானே எடுக்கிறாங்க?" என்றாள். நியாயமான கேள்வி. அழித்தவை போக எஞ்சிய ஒரு படம், மூக்கைச் சுருக்கும் ஃபில்டரையும் கடந்து, பலரை ஈர்த்ததால் எதை யாருக்குக் காட்டுவது என்று தீர்மானிக்கும் அல்காரிதம் மேலே தள்ளிவிட, இவள் திரைக்கு வருகிறது. தன்னை அளக்க வேறு அளவுகோல் இல்லாதபோது மனிதர் பிறரோடு ஒப்பிட்டே தம்மை மதிப்பிடுகின்றனர் என்று உளவியலாளர் லியோன் ஃபெஸ்டிங்கர் 1954இல் எழுதினார். ஒரு தலைமுறைக்கு முன் சேலம் அம்மாப்பேட்டைச் சிறுமிக்கு அந்தப் பிறர் என்பது வகுப்பும் தெருவும்தான். என் அக்கா மகளுக்கோ, வடிகட்டி அனுப்பப்பட்ட முகங்கள்.

இதற்கும் மேலே நிற்பது லைக் எண்ணிக்கை. 2016இல் வெளியான மூளை ஸ்கேன் ஆய்வில், பதின்வயதினர் தாம் எடுத்த படங்களுக்கு நிறைய லைக் விழுந்திருப்பதாகக் கண்டபோது, வெகுமதியை உணரும் மூளைப் பகுதி கூடுதலாகத் தூண்டப்பட்டது. அந்த எண்களை ஆய்வாளர்களே இட்டிருந்தனர். மலைச்சாலையின் 20 கொண்டையூசி வளைவுகளைக் கடந்து அடிவாரம் வந்து சேரும்வரை, அவள் கடைசியில் பதிவேற்றிய ஒரு படத்தின் லைக் எண்ணிக்கையைத் திறந்து திறந்து பார்த்துக்கொண்டே வந்தாள்.