தடை உத்தரவுக்கு மேல்முறையீடு: மேல் நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

வழக்கறிஞரான என்னிடம் போன மாதம் ஒரு கட்சிக்காரர் பை நிறையக் காகிதங்களோடு வந்தார். பாகத்தில் வந்த நிலத்துக்குள் அவர் நுழையக் கூடாது என்று முன்சீப் நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்து ஏழு மாதம் ஆகியிருந்தது. "மேல் கோர்ட்டுல எல்லாத்தையும் சொல்லிக்கலாம்னு இருந்தேன் சார்" என்றார். பட்டா, அடங்கல், கிஸ்தி ரசீது எல்லாமே பையில் இருந்தன. கீழ் நீதிமன்றத்தில் எதிருரை போட்டதோடு சரி, இவற்றில் ஒன்றுகூடத் தாக்கலாகவில்லை.

இப்படி நினைப்பவர்கள் நிறையப் பேர். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆவது கட்டளைப்படி தடை கேட்கும்போது நீதிமன்றம் மூன்றைப் பார்க்கிறது: முதல் நோக்கில் வழக்கு இருக்கிறதா, தடையால் யாருக்குச் சிரமம் அதிகம், பிறகு ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா. சொத்து யாருடையது என்று அப்போது முடிவாவதில்லை. நிலம் இன்று யார் அனுபவத்தில் இருக்கிறது என்பதில்தான் பெரும்பாலான மனுக்கள் நிற்கும், விழும்.

தடை கொடுத்தாலும் மறுத்தாலும் 43-ஆவது கட்டளை, விதி 1(ஆர்)-இன்படி மேல்முறையீடு உண்டு. இதைத்தான் சி.எம்.ஏ. (சிவில் மிசலேனியஸ் அப்பீல், அதாவது உரிமையியல் இதர மேல்முறையீடு) என்கிறோம். முன்சீப் நீதிமன்ற உத்தரவென்றால் பெரும்பாலும் சார்பு நீதிமன்றத்துக்குப் போகும், 30 நாள் கெடு. உயர் நீதிமன்றத்துக்குப் போவதென்றால் 90 நாள்.

அங்கே வழக்கு முதலிலிருந்து தொடங்குவதில்லை. வாண்டர் லிமிடெட் வழக்கில் 1990-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. கீழ் நீதிபதி எடுத்த முடிவு ஆவணங்களின்படி எடுக்கக்கூடிய ஒரு முடிவாக இருந்தால், 'நானாக இருந்தால் வேறு மாதிரி சொல்லியிருப்பேன்' என்பதற்காக மட்டும் மேல் நீதிமன்றம் அதை மாற்றாது. தன்னிச்சையான உத்தரவா, சட்டக் கோட்பாட்டை விட்டுவிட்டதா என்றுதான் பார்க்கும். உதாரணத்துக்கு, வழக்குச் சொத்தின் சர்வே எண் ஒன்று, நீதிபதி நம்பிய பட்டாவின் எண் வேறு. நிலத்தைப் பார்த்துவர நீதிமன்றம் அனுப்பிய ஆணையரின் அறிக்கை கோப்பில் இருந்தும் உத்தரவில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை. தலையிட வைப்பவை இந்த மாதிரிப் பிழைகள். ஆகவே மேல்முறையீட்டுக் காரணங்களில் மூன்று தலைமுறைக் குடும்பக் கதை வேண்டாம். எந்தப் பத்தியில் எந்த ஆவணம் விடுபட்டது என்று எழுதுங்கள்.

உங்களைக் கேட்காமலே கொடுத்த ஒருதலைப்பட்சத் தடை வேறு விஷயம். அறிவிப்பில்லாமல் தடை கொடுப்பதற்கு நீதிபதி காரணம் எழுத வேண்டும். அந்த மனுவை 30 நாளுக்குள் முடிக்க முயல வேண்டும் என்கிறது 39-ஆவது கட்டளையின் விதி 3ஏ. முடிக்காமல் இழுத்தால் அதற்கு எதிராக மேல்முறையீடு செய்யலாம் என்று 2000-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனாலும் என் அனுபவத்தில், அதே நீதிமன்றத்தில் விதி 4-இன்படி தடையை நீக்கக் கேட்பதே பல நேரம் சீக்கிரம் பலன் தரும். வாதி முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய் சொல்லித் தடை வாங்கியிருந்தால் அதைக் காட்டச் சரியான இடமும் அதுதான்.

சி.எம்.ஏ. தோற்றால் இரண்டாவது மேல்முறையீடு கிடையாது, பிரிவு 104(2) அதைத் தடுக்கிறது. அரசியலமைப்பின் 227-ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம், ஆனால் அந்த வாசல் இன்னும் குறுகலானது.

அப்புறம் ஒன்று. மேல்முறையீடு போட்டுவிட்டோம் என்பதற்காகத் தடை நின்றுவிடாது. அந்தத் தைரியத்தில் வேலி போட்டவர்களைப் பார்த்திருக்கிறேன். மீறினால் சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை.

அந்தக் கட்சிக்காரருக்காகத் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு சி.எம்.ஏ. தாக்கல் செய்திருக்கிறோம். பையில் இருந்த ஆவணங்களை ஏற்கச் சொல்லித் தனி மனு. இவற்றை ஏன் முதலிலேயே காட்டவில்லை என்று நீதிபதி கேட்டால் நம்மிடம் வலுவான பதில் இல்லை என்பதையும் கட்சிக்காரரிடம் மறைக்காமல் சொல்லிவிட்டேன்.