எம்.சி.பி. இருந்தும் உயிர் போனது ஏன்?

"எம்.சி.பி. போட்டிருந்தோமே சார், அது ஏன் விழல?"

ஒவ்வொரு சாவுக்குப் பிறகும் என்னிடம் கேட்கப்படுவது இந்தக் கேள்விதான். எம்.சி.பி. என்பது மின் பெட்டியில் இருக்கும், கரண்ட் அளவு மீறினால் தானாக விழுந்து அணையும் சுவிட்ச். கல்யாணப் பந்தலில் சீரியல் செட் கட்டியவர் இறந்தபோது கேட்டார்கள். தோப்பில் மோட்டார் போடப் போன பெரியவர் இறந்தபோதும் கேட்டார்கள். இந்த முறை கேட்டவர் ஒரு சினிமா யூனிட்டின் மேனேஜர். சோழவந்தான் பக்கம் வயலில் இரவு ஷூட்டிங். லைட் ஸ்டாண்டை நகர்த்தப் போன லைட்மேன், ஸ்டாண்டைப் பிடித்த கை பிடித்தபடியே இறந்துபோனான். வயது 24.

மதுரையில் மின் ஒப்பந்த வேலை பார்க்கிறேன். பொருட்காட்சி, திருவிழா, ஷூட்டிங் என்று தற்காலிக இணைப்புகள்தான் எனக்குப் பெரும்பாலும் வேலை. அந்தத் தம்பியை எனக்குத் தெரியும். சென்னைக்குப் போவதற்கு முன்னால் கொஞ்ச காலம் என்னோடு வேலை பார்த்தவன். அதனால் இதைப் பொறுமையாக எழுத எனக்கு வரவில்லை. கடுமை தெரிந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

மேலூர்ப் பக்கத்துப் பையன். புதூர் ஐ.டி.ஐ.யில் எலெக்ட்ரீஷியன் படித்தான். படிக்கும்போதே ராத்திரியில் ரேடியோ செட் கடைக்குப் போவான். ட்யூப் லைட் கட்டுவது, குழாய் ஸ்பீக்கர் ஏற்றுவது, முளைப்பாரித் திருவிழாவுக்குப் பெரிய அம்மன் லைட் போர்டைத் தூக்கி நிறுத்துவது எல்லாம் அத்துபடி. யானைமலை அடிவாரத்தில் ஒரு பாட்டு எடுத்தார்கள். கேபிள் இழுக்க உள்ளூர் ஆள் வேண்டும் என்று கூப்பிட்டதில் போனான். இரவில் மலை மீது வெளிச்சம் விழுந்ததைப் பார்த்தவன் அப்புறம் வேறு வேலையைப் பற்றிப் பேசவே இல்லை. சாலிகிராமத்தில் நாலைந்து பேரோடு ஒரு ரூமில் தங்கினான். முதலில் கேபிளும் ஸ்டாண்டும் தூக்கினான். பிறகு லைட்டைத் தொட விட்டார்கள். எல்.இ.டி. பேனல்கள் வந்த பிறகு மொபைலிலேயே வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கக் கற்றுக்கொண்டான். 3200 கெல்வின் மஞ்சளையும் 5600 கெல்வின் பகல் வெளிச்சத்தையும் கண்ணால் பார்த்தே சொல்வான் என்று அவன் யூனிட் ஆட்களே சொன்னார்கள். என்றைக்காவது கேஃபர், அதாவது லைட் ஆட்களுக்கெல்லாம் தலைவர், ஆகிவிட வேண்டும் என்பது ஆசை. ஊருக்கு வந்தால் என் கடைக்கு வந்து, "அண்ணே, இந்த பேலஸ்ட் எவ்வளவு லீக் ஆகும்ணே?" என்று கேட்டுக்கொண்டு நிற்பான். பேலஸ்ட் என்பது லைட்டுக்குப் போகும் கரண்டைக் கட்டுப்படுத்தும் பெட்டி.

ஒருவன் கேபிளைச் சுற்றும் விதத்திலேயே அவன் எப்படிப்பட்ட வேலைக்காரன் என்று எங்களுக்குத் தெரிந்துவிடும். முழங்கையில் போட்டு வரிந்து சுற்றுகிறவன் உள்ளே இருக்கும் செம்புக் கம்பியை முறிக்கிறான். இந்தத் தம்பி ஒரு சுற்று மேலாகவும் அடுத்த சுற்று கீழாகவும் மாற்றி மாற்றிப் போடுவான். மறுநாள் உதறினால் முறுக்கே இல்லாமல் ஓடும். முனையில் எத்தனை மீட்டர் என்று டேப் ஒட்டி எழுதியிருப்பான். இப்படிப்பட்டவன் செத்ததற்குக் காரணம் "கவனக்குறைவு" என்று ஒற்றை வார்த்தையில் முடிக்கிறார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

மறுநாள் அந்த ஜெனரேட்டர் வேனையும், லைட்டுகளுக்குக் கரண்டைப் பிரித்துக் கொடுக்கும் ஜங்ஷன் பாக்ஸையும் பார்க்கக் கூப்பிட்டார்கள். லைட்டுக்குள் கேபிள் நுழையும் இடத்தில் சூட்டில் ரப்பர் வெந்து, ஃபேஸ் ஒயர் இரும்பு பாடியைத் தொட்டுக்கொண்டிருந்தது. எந்த லைட்டிலும் ஒருநாள் நடக்கக்கூடியதுதான். ப்ளக்கைத் திறந்தேன். எர்த் பின்னில் ஒயரே இல்லை. பச்சை ஒயரை உறையோடு ஒட்ட பிளேடால் நறுக்கி, மேலே கருப்பு டேப்பை இரண்டு சுற்று சுற்றியிருந்தார்கள். டேப் பழையது, ஓரம் பிசுபிசுத்து மண் ஒட்டியிருந்தது. அன்றைக்கு நறுக்கியதல்ல. பாக்ஸில் ஆர்.சி.சி.பி., அதாவது கரண்ட் கசிந்தால் வெட்டிவிடும் சுவிட்ச், இருந்தது. அதன் மேல் முனையையும் கீழ் முனையையும் துண்டு ஒயர்களால் நேரடியாக இணைத்திருந்தார்கள். பார்வைக்கு இருக்கும், வேலை செய்யாது. சேற்றில் இறங்கிவிடக் கூடாதென்று ஸ்டாண்டைப் பலகை மேல் நிறுத்தியிருந்தார்கள். பையன் நின்றது வெறுங்காலோடு சேற்றில். அந்த மின்சாரம் மண்ணுக்குள் போக அவன் உடம்பைத் தவிர வேறு வழி வைக்கவில்லை.

இப்போது எம்.சி.பி.க்கு வருகிறேன். நூறு பேருக்குச் சொல்லியிருப்பேன், இன்னும் சொல்கிறேன்.

எம்.சி.பி. ஒயர் எரியாமல் இருப்பதற்காகப் போடுவது. ஆளுக்கு ஷாக் அடிப்பது அதற்குத் தெரியாது, தெரியவும் முடியாது. கணக்கு போடுங்கள். 230 வோல்ட். நனைந்த கை, வெறுங்கால், சேறு. உடம்பின் தடை சுமார் 1000 ஓம் என்று வையுங்கள். பாயும் மின்சாரம் 0.23 ஆம்பியர். அந்த பாக்ஸில் இருந்தது 32 ஆம்பியர் எம்.சி.பி. 32 ஆம்பியர் வரை அது அசையாமல் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும், அதற்குத்தான் காசு கொடுத்து வாங்கியிருக்கிறோம். அதைவிடக் கொஞ்சம் கூடினாலும் உடனே விழாது, நேரம் எடுக்கும். சட்டென்று விழ வேண்டுமென்றால், கடையில் பொதுவாகக் கிடைக்கும் 'சி' வகையில் 160 ஆம்பியருக்கு மேல் பாய வேண்டும். ஆள் சாவதற்கோ அரை ஆம்பியர்கூட வேண்டாம். 10 மில்லி ஆம்பியரைத் தாண்டினாலே பிடித்த கையை விட முடியாமல் போகலாம். 50, 100 மில்லி ஆம்பியர் நெஞ்சு வழியாக ஒரு நொடி ஓடினால் இதயம் துடிக்க மறந்து வெறுமனே நடுங்க ஆரம்பிக்கும். இத்தனையும் நடக்கும்போது அந்த எம்.சி.பி.யைப் பொறுத்தவரை ஏதோ ஒரு சின்ன பல்பு எரிகிறது, அவ்வளவுதான். அது விழாதது பழுது அல்ல. இரண்டு எம்.சி.பி. போட்டாலும், விலை உயர்ந்த கம்பெனியில் வாங்கினாலும் இதேதான். 32-க்குப் பதில் 16 போட்டாலும் இதேதான்.

ஆளைப் பார்ப்பது ஆர்.சி.சி.பி. கொடுத்த காசும் திரும்பி வந்த காசும் சரியாக இருக்கிறதா என்று எண்ணும் கடைக்காரரைப் போல, ஃபேஸில் போனது நியூட்ரலில் முழுசாகத் திரும்புகிறதா என்று அது பார்த்துக்கொண்டே இருக்கும். 30 மில்லி ஆம்பியர் குறைந்தால் வெட்டிவிடும். அந்தத் தம்பிக்குப் பாய்ந்த அளவுக்கு ஒரு நொடியில் இருபத்தைந்தில் ஒரு பங்கு நேரத்துக்குள் வெட்டியிருக்கும். ஒரு உதறல் உதறி, ஒரு கெட்ட வார்த்தை சொல்லிவிட்டு அடுத்த ஸ்டாண்டைத் தூக்கப் போயிருப்பான்.

அதைத்தான் பைபாஸ் பண்ணி வைத்திருக்கிறார்கள். ஏன் என்று கேட்டால், "ஷாட்டுக்கு நடுவுல விழுதுண்ணே, வேலை ஓடணும்ல" என்கிறார்கள். விழுவது உண்மைதான். எல்.இ.டி. டிரைவர், ஹெச்.எம்.ஐ. என்ற பெரிய ஷூட்டிங் லைட்டின் பேலஸ்ட் எல்லாம் நல்ல நிலையில் இருந்தாலும் சில மில்லி ஆம்பியர் எர்த்துக்குக் கசியும். ஒரே 30 மில்லி ஆர்.சி.சி.பி.யில் பத்துப் பதினைந்து லைட்டை மாட்டினால் கசிவெல்லாம் சேர்ந்து விழத்தான் செய்யும். இதற்கு மருந்து லைட்டுகளைப் பிரிப்பது. மூன்று நான்கு லைட்டுக்கு ஒரு 30 மில்லி, எல்லாவற்றுக்கும் மேலே கொஞ்சம் தாமதித்து விழும் 100 மில்லி ஒன்று. இதற்கு ஆகும் செலவு சில ஆயிரங்கள். பெரிய லைட்டின் வாடகையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பிரித்த பிறகும் ஒன்று விழுகிறதென்றால் அந்த லைட்டில் கோளாறு. லைட்டை ஓரங்கட்டுங்கள். எர்த்தை நறுக்காதீர்கள்.

"ஜெனரேட்டர் கரண்டு ஷாக் அடிக்காது" என்று இன்னொரு நம்பிக்கை யூனிட்டுகளில் சுற்றுகிறது. சீனியர்களே சொல்கிறார்கள். ஜெனரேட்டரின் நியூட்ரலை எர்த் பண்ணாமல் விட்டால், ஒரு ஒயரைத் தொட்டாலும் சுற்று முடியாததால் சில நேரம் ஒன்றும் தெரியாது. அதை நம்பிக்கொண்டு வேலை பார்ப்பார்கள். இரண்டாவதாக எங்கோ ஒரு கேபிள் தண்ணீரில் கசிந்தால் சுற்று முடிந்துவிடும், அதுவும் இரண்டு வேறு ஃபேஸ் என்றால் 400 வோல்ட். எர்த் ஆகாத நியூட்ரலில் ஆர்.சி.சி.பி.யும் சரியாக வேலை செய்யாது. நியூட்ரலை ஜெனரேட்டர் பாடியோடும், பாடியை எர்த் ராடோடும் இணைத்தாக வேண்டும். மேலூர்ப் பக்கம் பாறை, ராடு இறங்காது என்று ஒரு முழம் கட்டுக்கம்பியைச் செருகிவிட்டுப் போகிறார்கள். ஈரமான வரப்பு எங்கே இருக்கிறதென்று பார்த்து அங்கே இறக்கி ஒயரை இழுத்து வாருங்கள். சோழவந்தான் வயலில் அந்தச் சாக்கும் கிடையாது.

ரப்பர் செருப்பு பற்றி நான் எதுவும் சொல்லப் போவதில்லை. நனைந்த செருப்பை நம்பி யாராவது லைவ் ஒயரைத் தொடுகிறார்கள் என்றால் அவர்களை அந்த வேலைக்கு விட்டதே தப்பு.

தம்பி விழுந்த பிறகு நடந்ததையும் சொல்ல வேண்டும். வலிப்பு என்று நினைத்துக் கையில் சாவிக்கொத்தைத் திணித்தார்கள். பிறகு உள்ளங்காலைத் தேய்த்தார்கள். முகத்தில் தண்ணீர் அடித்தார்கள். அப்புறம் காரின் பின் சீட்டில் மடக்கிப் போட்டுக்கொண்டு பெரியாஸ்பத்திரிக்கு ஓடினார்கள். அத்தனை பேர் இருந்தும் நெஞ்சை யாரும் அமுக்கவில்லை. அன்போடு செய்தார்கள், தெரியாமல் செய்தார்கள், அவர்களைக் குற்றம் சொல்லவில்லை. ஆனால் இதயம் நடுங்கிக்கொண்டிருக்கும் ஆளுக்கு நெஞ்சை அமுக்காமல் கழியும் ஒவ்வொரு நிமிடமும் பிழைக்கும் வாய்ப்பு 7 முதல் 10 சதவீதம் குறைகிறது. சோழவந்தானிலிருந்து மதுரைக்கு எவ்வளவு நேரம் ஆகும் என்று இந்தப் பக்கத்துக்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

முதலில் மெயினை அணையுங்கள். அணைக்காமல் தொடாதீர்கள், இரண்டாவது சாவு அப்படித்தான் விழுகிறது. மூச்சு இல்லையா, கூப்பிட்டால் அசைவில்லையா, தரையில் மல்லாக்கப் போட்டு நெஞ்சின் நடுவே இரண்டு கையையும் வைத்து 5 சென்டிமீட்டர் ஆழத்துக்கு நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை அமுக்குங்கள். ஒருவர் 108-க்குப் பேசட்டும். களைத்தால் ஆள் மாற்றுங்கள், ஆம்புலன்ஸ் வரும்வரை நிறுத்தாதீர்கள். எழுந்து உட்கார்ந்து "ஒண்ணுமில்லண்ணே" என்று சொல்கிறவனையும் அனுப்பி ஈ.சி.ஜி. எடுத்துவிட்டு வாருங்கள்.

மேலே போகும் லைன் பற்றியும் ஒரு எச்சரிக்கை. நான் இதுவரை சொன்ன எதுவும் 11,000 வோல்ட் லைனுக்குப் பொருந்தாது. அங்கே ஆர்.சி.சி.பி. உங்களைக் காப்பாற்றாது. வயல்வெளியில் அந்த லைன் தரையிலிருந்து 4.6 மீட்டர் உயரத்தில் இருந்தாலே விதிப்படி சரி. உங்கள் ஸ்டாண்டை முழுசாக ஏற்றினால் அதற்கு மேலே போகும். ஏற்றிய ஸ்டாண்டை அப்படியே தூக்கிக்கொண்டு நடக்காதீர்கள். இறக்குங்கள், நகர்த்துங்கள், பிறகு ஏற்றுங்கள். பகலிலேயே லைன் எங்கே போகிறதென்று பார்த்து, அடியிலும் பக்கத்திலும் ஸ்டாண்டும் கிரேனும் வராதபடி ரிப்பன் கட்டுங்கள். லைன் இடைஞ்சல் என்றால் மின்வாரியத்தின் மின்னகம் 94987 94987-க்குப் பேசி முறைப்படி கேளுங்கள். ஒயர்மேனுக்குக் கையில் காசு கொடுத்து ஃபியூஸ் பிடுங்கச் சொல்லும் வேலை வேண்டாம்.

இதெல்லாம் தயாரிப்பவர் பொறுப்பா, லைட்மேன் பொறுப்பா என்று என்னோடு வாதாடுகிறார்கள். 2014 பிப்ரவரியில் அமெரிக்காவின் ஜார்ஜியாவில், அனுமதி இல்லாமல் ரயில் பாலத்தில் படமெடுத்தபோது ரயில் மோதி சாரா ஜோன்ஸ் என்ற 27 வயது கேமரா உதவியாளர் இறந்தார். அந்தப் படத்தின் இயக்குநர் குற்றத்தை ஒப்புக்கொண்டு சிறைக்குப் போனார். இங்கே 2020 பிப்ரவரியில் பூந்தமல்லி அருகே லைட் கட்டிய கிரேன் சாய்ந்து மூன்று பேர் போனார்கள். சினிமாத் தொழிலாளிக்கு எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும் என்று மத்திய அரசு 1981-லேயே சட்டம் போட்டது. இந்தத் தம்பியை வேலைக்குக் கூப்பிட்டது ஒரு போன் கால். அவன் அப்பா அம்மா எந்தக் காகிதத்தைக் காட்டி நஷ்டஈடு கேட்பார்கள்? பொறுப்பு யாருடையது என்பதில் எனக்குக் குழப்பமே இல்லை. ஜெனரேட்டரை வாடகைக்கு விட்டவர், ஆர்.சி.சி.பி.யை பைபாஸ் பண்ணச் சொன்னவர், அதைப் பார்த்தும் ஷூட்டிங்கைத் தொடங்கியவர், மூவருடையதும்.

லைட்மேன் தம்பிகளே, உங்களிடம் கெஞ்சிக் கேட்கிறேன். புதிதாகச் சேர்ந்தவன் எப்படிக் கேள்வி கேட்பது, அடுத்த கால்ஷீட்டுக்குக் கூப்பிட மாட்டார்களே என்ற பயம் எனக்குப் புரிகிறது. சண்டை போட வேண்டாம். வேன் வந்து நின்றதும், லைட்டை மாட்டுவதற்கு முன்னால், பாக்ஸைத் திறந்து ஆர்.சி.சி.பி.யில் 'டி' என்று போட்ட பொத்தானை அமுக்குங்கள். விழுந்து, துண்டு ஒயரும் இல்லையென்றால் தூக்கிவிட்டு வேலையை ஆரம்பியுங்கள். விழவில்லையா, துண்டு ஒயர் ஓடுகிறதா, மொபைலில் ஒரு போட்டோ எடுத்து மேனேஜருக்கும் கேமராமேனுக்கும் அனுப்பிவிட்டு, பாக்ஸ் சரியாகும்வரை கேபிளைத் தொடாமல் கரையில் உட்காருங்கள்.