தீக்காய ஃபாலோ அப் சார்ட்டும் அந்த ஏழாவது எழுத்தும்

அமெரிக்க கிளினிக்குகளின் சார்ட்டுகளைச் சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் உட்கார்ந்து கோடிங் செய்கிறவர்களின், அதாவது மருத்துவப் பதிவைப் படித்து நோய்க்கும் காயத்துக்கும் உரிய கோட் போடுகிறவர்களின், வேலையை ஆடிட் செய்வது என் தொழில். இதய அறுவை சிகிச்சை, புற்றுநோய் என்று வரும் பெரிய சார்ட்டுகளில் எல்லோரும் கவனமாகவே இருக்கிறார்கள். தவறுகள் வந்து குவிவது சின்ன சார்ட்டுகளில்தான். எண்ணெய் தெறித்தது, கையில் கொப்புளம், கட்டு மாற்ற வந்தார் என்று அரைப் பக்கத்தில் முடியும் நோட்டை யாரும் இரண்டாவது முறை படிப்பதில்லை.

ஒரு மாதிரி சார்ட்டை எடுத்துக்கொள்வோம். பாடம் நடத்த நானே எழுதி வைத்தது, எந்த நோயாளியுடையதும் அல்ல. நாற்பது வயதுப் பெண். சமைக்கும்போது கொதிக்கும் எண்ணெய் வலது புறங்கையில் கொட்டிவிட்டது. அன்றைக்கே அவசர சிகிச்சைப் பிரிவில் பார்த்து, மருந்து போட்டு, கட்டுக் கட்டி அனுப்பிவிட்டார்கள். ஐந்தாம் நாள் தன் குடும்ப மருத்துவரிடம் போகிறார். அவர் எழுதுகிறார்: வலது புறங்கையில் இரண்டாம் டிகிரி தீக்காயம், நன்றாக ஆறி வருகிறது, தொற்று இல்லை, கட்டு மாற்றப்பட்டது, ஒரு வாரம் கழித்து வரவும்.

சரி, என்ன கோட்? வகுப்பில் கேட்டால் மூன்று பதில்கள் வரும்.

முதல் பதில் இசட்48.00, அதாவது அறுவை சிகிச்சை சாராத காயத்துக்குக் கட்டு மாற்ற வந்தவர். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது, கட்டு மாற்றத்தானே வந்தார்? ஆனால் காயங்களின் தொடர் கவனிப்புக்கு இசட் கோட் போடக் கூடாது, அந்தக் காயத்தின் கோடையே தொடர் வருகைக்குரிய ஏழாவது எழுத்தோடு போட வேண்டும் என்று அமெரிக்காவின் நோய்க் கோட் தொகுப்பான ஐசிடி 10 சிஎம்-இன் வழிகாட்டி தெளிவாகச் சொல்கிறது. இசட்48-இன் கீழேயே விலக்குக் குறிப்பும் இருக்கிறது. கோட் தேடித் தரும் என்கோடர் மென்பொருளில் தேடிக் கிடைத்த முதல் வரியைச் சொடுக்குகிறவர்கள் கண்ணில் அது படுவதில்லை.

இரண்டாவது பதில் டி23.261ஏ (T23.261A): வலது புறங்கையில் இரண்டாம் டிகிரி தீக்காயம், கடைசியில் ஏழாவது எழுத்தாக ஏ. 'இந்த டாக்டர் இவரை முதல் தடவையாகப் பார்க்கிறார், அதனால் ஏ' என்பது வாதம். மூன்றாவது பதில் டி23.261டி. முன்னால் இருக்கும் டி ஆங்கில T (டேங்கோ), பின்னால் இருப்பது D (டெல்டா). இந்த நோட்டுக்கு இதுதான் சரி. ஆனால் சரியான விடையைச் சொன்ன பலரும் தவறான காரணத்தைச் சொல்கிறார்கள்: 'ஃபாலோ அப் என்று போட்டிருக்கிறது, அதனால் டி.'

ஏ என்றால் முதல் தடவை, டி என்றால் இரண்டாவது தடவை என்று யாரோ சொல்லிக்கொடுத்து அது பரவிவிட்டது. ஏழாவது எழுத்து வருகைகளை எண்ணுவதற்கானது அல்ல. காயத்துக்கு இன்னும் நேரடி சிகிச்சை (ஆக்டிவ் ட்ரீட்மென்ட்) நடக்கிறதா, அல்லது அது முடிந்து ஆறும் கட்டத்தில் வழக்கமான கவனிப்பு நடக்கிறதா என்பதுதான் கேள்வி. அதனால்தான் புது டாக்டரிடம் வந்தும் நம் சார்ட்டுக்கு டி வருகிறது. அதே பெண்ணை அவசரப் பிரிவிலிருந்து தீக்காயச் சிறப்பு மருத்துவரிடம் அனுப்பி, அவர் காயத்தை மதிப்பிட்டு, செத்த தோலை வெட்டி அகற்றி, சிகிச்சையைத் தொடர்ந்தால் அது ஏ. ஷெட்யூலில் 'ஃபாலோ அப்' என்று ரிசப்ஷனில் உள்ளவர் அடித்து வைத்த வார்த்தைக்கு இதில் இடமே இல்லை. டாக்டர் அடுத்த சிகிச்சையை எழுதும் பிளான் பகுதியைப் படியுங்கள்.

ஆறாத புண்ணையும் இங்கே சொல்ல வேண்டும். ஆறாமல் நிற்கும் தீக்காயத்தைப் புதிய தீக்காயமாகவே கோட் செய்ய வேண்டும். சுட்ட தோல் அழுகிக் கருத்திருந்தால் அதுவும் ஆறாத தீக்காயம்தான். தொற்று வந்திருந்தால் தொற்றுக்கு ஒரு கூடுதல் கோட். 'மூன்று வாரம் ஆயிற்று, அப்புறம் என்ன, டிதானே' என்று தேதியைப் பார்த்து முடிவு கட்டாதீர்கள்.

ஏழாவது எழுத்தாக வரும் இன்னொன்று எஸ், அதைப் பற்றிச் சுருக்கமாக. புண் ஆறிய பிறகு தழும்பு இறுகி விரல் மடங்கவில்லை என்று வந்தால் அது பின்விளைவு. முதலில் இன்றைய பிரச்சினை, தழும்பு என்றால் எல்90.5. அடுத்துத் தீக்காயத்தின் கோட், எஸ் எழுத்தோடு. வரிசையை மாற்றிப் போடுவது ஆடிட்டில் அடிக்கடி விழும் தவறு. ஒரு இடம் ஆறித் தழும்பாகி, இன்னொரு இடம் இன்னும் புண்ணாக இருந்தால் எஸ்ஸும் டியும் ஒரே சார்ட்டில் வரலாம், பயப்பட வேண்டாம்.

காயம் எதனால் பட்டது என்பது போன்றவற்றைச் சொல்லும் துணைக் கோடுகளில் கொதிக்கும் சமையல் எண்ணெய்க்கு எக்ஸ்10.2. ஏழாவது எழுத்து வரையிலான காலி இடங்களை எக்ஸ் போட்டு நிரப்பி, காயத்துக்குக் கொடுத்த அதே ஏழாவது எழுத்தைக் கொடுங்கள். சம்பவம் நடந்த இடத்தைச் சொல்லும் ஒய்92 முதல் சிகிச்சை வருகையோடு சரி, ஃபாலோ அப்பில் வேண்டாம். உடலில் எத்தனை சதவீதம் எரிந்தது என்று சொல்லும் டி31-க்கு (T31) ஏழாவது எழுத்தே கிடையாது, டி31.0-வின் வாலில் டியை (D) ஒட்டி அனுப்பினால் செல்லாத கோட் என்று திரும்பி வரும். வெயிலில் தோல் வெந்தது இந்தக் குடும்பத்திலேயே சேராது, அதற்கு எல்55.

இதெல்லாம் ஆடிட் மார்க்குக்காக மட்டும் இல்லை. காயத்தின் கோட் வந்தால், விபத்து எங்கே நடந்தது, வேலையிடத்திலா, வேறு யாராவது பொறுப்பா என்று கேட்டு நோயாளிக்குப் படிவம் அனுப்பும் இன்சூரன்ஸ் நிறுவனங்கள் அங்கே உண்டு. பதில் வரும்வரை கிளெய்ம் நிற்கும். ஒரே எண்ணெய்க் காயத்துக்கு ஒவ்வொரு வருகையிலும் ஏ போட்டு அனுப்பினால், அந்தப் பெண்ணுக்குத் திரும்பத் திரும்பக் கை சுட்டதுபோல ரெக்கார்டு சொல்லும். கட்டுப் போட்ட கையோடு அவர்தான் படிவத்தை நிரப்பிக்கொண்டும் கால் சென்டரில் காத்துக்கொண்டும் இருக்க வேண்டும்.

கடைசியாக டிகிரி, அதாவது தீக்காயத்தின் ஆழம். ஃபாலோ அப் சார்ட்டில் என்னை அதிகம் உறுத்துவது இதுதான். புண் ஆற ஆற டாக்டர்கள் சுருக்கமாக எழுதத் தொடங்குவார்கள். முதல் நாள் 'இரண்டாம் டிகிரி' என்றிருந்தது, இரண்டாம் வாரம் 'தீக்காயம், ஆறுகிறது' என்று மட்டும் நிற்கும். கோடர் என்ன செய்கிறார்? பழைய நோட்டைத் திறந்து டிகிரியை எடுத்துக்கொள்கிறார். அன்றைய வருகைக்கு அன்றைய பதிவுதான் ஆதாரம். அதில் டிகிரி இல்லை என்றால் இருப்பது டி23.061டி, டிகிரி குறிப்பிடாத தீக்காயம். அல்லது டாக்டருக்கு ஒரு கொயரி, அதாவது விளக்கம் கேட்டு எழுத்தில் ஒரு கேள்வி. 'பார்ஷியல் திக்னஸ்' என்று எழுதியிருந்தால் கொயரி வேண்டாம், அது இரண்டாம் டிகிரியேதான்.

மணிக்கு இத்தனை சார்ட் என்று டார்கெட் ஓடும் இடத்தில் கொயரி போட யாருக்கும் மனம் வராது, தெரியும். டீம் லீடர்களும் கொஞ்சம் வழிவிட வேண்டும். ஆனால் போடும்போது ஒழுங்காகப் போடுங்கள். 'இது இரண்டாம் டிகிரிதானே, உறுதிப்படுத்தவும்' என்று கேட்பது டாக்டரின் வாயில் பதிலைத் திணிப்பது, அந்தக் கொயரி ஆடிட்டில் நிற்காது. இப்படிக் கேளுங்கள்: 'இந்தத் தேதி நோட்டில் வலது புறங்கைத் தீக்காயத்தின் ஆழம் குறிப்பிடப்படவில்லை. உங்கள் மருத்துவக் கணிப்பின்படி முதல் டிகிரி, இரண்டாம் டிகிரி, மூன்றாம் டிகிரி, வேறு, தீர்மானிக்க இயலவில்லை: இவற்றில் எது என்று பதிவு செய்யவும்.'