சாமத்திய வீட்டு வீடியோவை மூடிய கை

எங்கள் பெண்பிள்ளைகளில் பலர் முதன்முதலில் நடித்த படம், அவர்கள் பெரியபிள்ளையானபோது நடந்த சாமத்திய வீட்டின் வீடியோதான். எங்கே பார்க்க வேண்டும், எப்போது சிரிக்க வேண்டும், எப்போது தலை குனிய வேண்டும் என்று வீடியோக்காரர் சொல்லிக்கொண்டே இருப்பார். எடுக்கட்டுமா என்று மட்டும் அவளிடம் யாரும் கேட்டிருக்கமாட்டார்கள். படத்தொகுப்பு என் தொழில். அப்படியான வீடியோக்களுக்கு நானே பாட்டும் பூவும் போட்டுக் கொடுத்திருக்கிறேன்.

இப்போது திருகோணமலையில் பெண்களுக்குக் குறும்படப் பயிற்சியும் நடத்துகிறேன். "உங்களைப் பற்றி மூன்று நிமிடம் எடுத்து வாங்கோ" என்றால், முதல் வாரம் வருவதெல்லாம் டச்சு பே கடற்கரை மணலில் நடக்கும் கால்களும் காற்றில் பறக்கும் முடியும்தான். வேறு யாரோ தன்னைப் பார்ப்பதுபோலத் தன்னையே எடுத்திருப்பார்கள். ஹொலிவூட் படங்களில் இருந்த, பெண்ணை ஆணின் கண்ணால் காட்டும் இந்தப் பார்வையைத்தான் திரைப்படக் கோட்பாட்டாளர் லோரா மல்வி 1975இல் 'ஆண் நோக்கு' என்றார். செல்ஃபிக்குள்ளும் அது வந்து உட்கார்ந்துவிட்டது.

பிறகு, பரிசோதனைப் படங்கள் எடுத்த இயக்குநர் மாயா டெரன் 1943இல் கணவரோடு சேர்ந்து தங்கள் வீட்டிலேயே எடுத்த 14 நிமிடப் படத்தைப் போடுவேன். ஒரு திறப்பு, பாண் வெட்டும் கத்தி, முகம் இருக்கவேண்டிய இடத்தில் கண்ணாடி. "கதை விளங்கேல்ல அக்கா" என்பார்கள். விளங்கவேண்டாம், பார்த்தபோது உடம்புக்கு என்ன செய்தது என்று கேட்பேன். "கதவு பூட்டினனானா எண்டு சாமத்தில திரும்பத் திரும்ப எழும்பிப் பார்க்கிற மாதிரி" என்றார் மூதூரிலிருந்து வந்த ஒருவர். இதைவிட நன்றாக எனக்கும் சொல்லத் தெரியாது.

அவர் எடுத்த படத்தில் முகமே இல்லை. தன் பழைய சாமத்திய வீட்டு வீடியோவை டீவியில் ஓடவிட்டு, அதை போனில் பிடித்திருந்தார். பாட்டை எடுத்துவிட்டு, குசினியில் தேங்காய் துருவும் சத்தத்தைப் போட்டிருந்தார். ஆலாத்தி எடுக்கும் இடம் வந்ததும் ஒரு கை திரைக்கு வருகிறது. அந்தச் சின்னப் பிள்ளையின் முகத்தை மெல்ல மூடுகிறது. அவ்வளவுதான் படம்.

கமரா தூக்கும் எல்லோரிடமும் நான் கேட்பது இதைத்தான்: சம்மதத்தை இரண்டு தரம் கேளுங்கள். எடுக்கமுன் ஒருதரம், தொகுத்து முடித்துக் காட்டியபின் ஒருதரம். எடுக்கும்போது ஓம் என்றவர், திரையில் தன்னைக் கண்டதும் வேண்டாம் என்று சொல்லலாம். சொன்னால் அழியுங்கள். வட்ஸ்அப்பில் அனுப்பிய பிரதியும், போன் தானாகவே சேமித்துவைத்த பிரதியும் அதில் சேர்த்தி.

அந்தப் படத்தை அவர் தன் அம்மாவுக்கு மட்டும் காட்டினார். "அப்ப உனக்கு விருப்பமில்லையா பிள்ளை?"

"நீங்க கேக்கேல்லையே அம்மா."

நானும் இரண்டாம் தரம் கேட்டேன். எழுதலாம், காட்டக்கூடாது என்றார்.