அதம் பைரவி: ‘நடத்தாமையால் தள்ளுபடி’

தில்லி மயூர் விஹாரில் எங்கள் அடுக்ககத்தில் குடியிருக்கும் தமிழ்ப் பெரியவர் ஒருவரிடம், அவருடைய வாடகைப் பாக்கி வழக்கைப் பற்றி வழக்கறிஞரின் முன்ஷி, அதாவது குமாஸ்தா, தொலைபேசியில் சொன்னது இவ்வளவுதான்: ‘அதம் பைரவி மே காரிஜ் ஹோ கயா.’ காரிஜ் என்றால் தள்ளுபடி என்பது பெரியவருக்குத் தெரியும். பைரவி என்றதும் ராகம்தான் நினைவுக்கு வந்ததாம்.

ராகத்துக்கும் இதற்கும் உறவில்லை. இந்தப் பைரவி பாரசீகச் சொல். ‘பை’ என்பது அடி, சுவடு. ‘பைரவி’ என்பது அடியொற்றிச் செல்லுதல். வட இந்திய நீதிமன்றங்களில் அது வழக்கை நடத்துவதைக் குறிக்கும். ‘அதம்’ என்பது அரபியில் இன்மை. இதே நிலைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் ‘நான் ப்ராசிக்யூஷன்’ என்பதும், பின்தொடர்தல் எனப் பொருள்படும் லத்தீன் வினையிலிருந்து வந்ததே. தமிழிலும் நாம் வழக்கைத் ‘தொடர்கிறோம்’.

ஆயினும் அதம் பைரவியைத் தமிழில் ‘தொடராமையால் தள்ளுபடி’ என்று எழுதுவதில் எனக்கு உடன்பாடில்லை. ‘வழக்குத் தொடர்ந்தார்’ என்றால் இன்று பெரும்பாலும் தாக்கல் செய்தார் என்றே கொள்கிறோம். ஆகவே தொடராமை என்றதும் வழக்கே போடாதது போலத் தோன்றிவிடும். ‘நடத்தாமையால் தள்ளுபடி’ என்பதில் அந்த மயக்கம் இல்லை. ஆணையில் ‘டிஸ்மிஸ்ட் இன் டீஃபால்ட்’ என்றிருந்தால், அது விசாரணைக்கு வரத் தவறியதைச் சுட்டுவதால், ‘வாராமையால் தள்ளுபடி’ எனலாம். வங்கியில் டீஃபால்ட் என்பது தவணை தவறுவது. இங்கே வாய்தா தவறுவது.

வெறும் ‘தள்ளுபடி’ போதாதா என்றால், போதாது. கடன் தள்ளுபடி என்றால் மகிழ்கிறோம், ஆடித் தள்ளுபடி என்றால் கடைக்கு ஓடுகிறோம், மனு தள்ளுபடி என்றால் மட்டும் தோற்றுவிட்டதாக எண்ணிவிடுகிறோம். வாராமையால் தள்ளும்போது நீதிமன்றம் வழக்கின் நியாய அநியாயத்துக்குள் போவதே இல்லை. 1908ஆம் ஆண்டு உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் அத்தகைய ஆணையைத் தீர்ப்பாணை (டிக்ரி) என்ற வரையறையிலிருந்தே விலக்கி வைத்திருக்கிறது. இரு தரப்பும் வராமல் தள்ளுபடியானால், காலவரம்பு கடவாதிருக்கும்வரை புதிய வழக்கும் போடலாம். எதிர்த்தரப்பு வந்திருந்து வாதி மட்டும் வராதிருந்தால், அதே வழக்கு மூலத்தின், அதாவது வழக்குக்கு இடம் தந்த அதே காரணத்தின், பேரில் மறுபடி வழக்குப் போட இயலாது. வராததற்குப் போதிய காரணம் காட்டி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாட்களுக்குள், வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்குமாறு மனுச் செய்வதே வழி.

பெரியவரின் ஆணையைக் கைப்பேசியில் இறக்கிப் படித்தோம். காலையிலிருந்து பல முறை அழைத்தும் வாதி தரப்பில் எவருமில்லை, பிரதிவாதியின் வழக்கறிஞர் வந்திருந்தார், நேரம் பிற்பகல் 2.45 என்று இருந்தது. தேதியைப் பார்த்து விரல்விட்டு எண்ணினோம். அன்றைக்குப் பத்தொன்பதாம் நாள்.