சீட்டில் இல்லாத மருந்துகள்

ஆரம்ப சுகாதார நிலையத்தில் சித்தா பிரிவு இருப்பதில் ஒரு வசதி உண்டு. ஒரே கட்டடத்தில், ஒரே காலையில், ஒருவர் இரண்டு மருத்துவ முறைகளையும் பார்த்துவிட்டுப் போகலாம். பக்கத்து அறையில் சர்க்கரைக்கும் ரத்த அழுத்தத்துக்கும் ஒரு மாதத்து மாத்திரையை வாங்கி மஞ்சப்பையில் போட்டுக்கொண்டு, அப்படியே எங்கள் அறைக்கு வந்து மூட்டு வலிக்குத் தைலமும் மலச்சிக்கலுக்குச் சூரணமும் கேட்பவர்கள்தாம் எங்கள் ஓ.பி.யில் அதிகம். அந்தப் பைக்குள் என்ன இருக்கிறது என்பது எங்களுக்குத் தெரிவதில்லை. நாங்கள் என்ன கொடுத்தோம் என்பது பக்கத்து அறைக்குத் தெரிவதில்லை. இவற்றோடு நாட்டு மருந்துக் கடைப் பொடி, சொந்தக்காரர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய கஷாயக் குறிப்பு, யாரோ ஒருவர் கைராசியென்று கொடுத்த லேகியம் எல்லாம் ஒரே வயிற்றுக்குள் போய்ச் சேர்கின்றன. இந்த முழுக் கணக்கும் தெரிந்தவர் நோயாளி ஒருவர்தான். அவரோ கேட்டாலும் சொல்வதில்லை. அவர் ஏன் சொல்வதில்லை என்பதை மருத்துவர்களாகிய நாம் யோசித்துப் பார்த்தால், சிகிச்சையில் பாதிச் சிக்கல் அங்கேயே அவிழ்ந்துவிடும் என்பது என் அனுபவம்.

எழுபதைத் தாண்டிய ஓர் ஆச்சி, விடியற்காலையில் உடம்பெல்லாம் வியர்த்துக் கைகால் நடுங்குகிறது, நெஞ்சு படபடக்கிறது என்று வந்தார். பக்கத்து வீட்டார் சொன்னபடி அதைப் பயத்தினால் வந்ததென்று எண்ணி மந்திரித்துக் கயிறும் கட்டியிருந்தார். நாக்கையும் கண்ணையும் பார்த்து, நாடி பிடித்து, தூக்கம் எப்படி, பசி எப்படி என்று பேசிக்கொண்டே வந்தபோது, இரவில் என்ன சாப்பிடுவீர்கள் என்று கேட்டேன். மருமகள் பீடிக் கடைக்குப் போய்த் திரும்ப நேரமாவதால் சாயங்காலம் ஆறு மணிக்கே இரண்டு இட்லியோடு முடித்துக்கொள்வதாகவும், வெள்ளிக்கிழமை அதுவும் இல்லையென்றும் சொன்னார். சர்க்கரைக்கு கிளிமிபிரைடு மாத்திரை எடுத்துக்கொண்டிருந்தார். வேறு ஏதாவது சாப்பிடுகிறீர்களா என்று மூன்றாவது தடவையாக, வேறு பேச்சுக்கு நடுவே கேட்டபோதுதான் சிறுகுறிஞ்சான் பொடி வெளியே வந்தது. காலையில் ஒரு கரண்டி, ராத்திரி ஒரு கரண்டி. “பெரிய டாக்டர் ஏசுவாங்கன்னு சொல்லலை தாயி. நீங்களும் ஏசுவீங்களோன்னு நெனச்சேன்” என்றார்.

சிறுகுறிஞ்சானுக்கு ரத்தத்தில் சர்க்கரையைக் குறைக்கும் தன்மை உண்டு. கிளிமிபிரைடு கணையத்தைத் தூண்டி இன்சுலினைச் சுரக்கச் செய்வது. இரண்டும் சேர்ந்து, இரவுச் சோறும் குறைந்து, வயதினால் சிறுநீரகத்தின் திறனும் தளர்ந்திருந்தால், பின்னிரவில் சர்க்கரை 70-க்குக் கீழே இறங்குவதில் வியப்பில்லை. வியர்வையும் நடுக்கமும் அதன் அடையாளங்கள்தாம். அந்த நேரத்தில் மூன்று தேக்கரண்டி சர்க்கரையைத் தண்ணீரில் கலந்து குடித்து, கால் மணி நேரத்தில் சரியாகவில்லையென்றால் மறுபடியும் ஒரு முறை குடிக்க வேண்டும். நினைவு தப்பியவரின் வாயில் மட்டும் எதையும் ஊற்றக் கூடாது. ஆச்சிக்குப் பொடியை நிறுத்தச் சொல்லிவிட்டு, கையோடு பக்கத்து அறை மருத்துவரிடம் அழைத்துப் போனேன். அவர் மாத்திரையின் அளவைக் குறைத்து, சாப்பாட்டு நேரத்துக்கு ஏற்ப மாற்றிக் கொடுத்தார். இதில் எந்த அதிசய மருந்தும் இல்லை. ராத்திரிச் சோறு யார் கையில் இருக்கிறது என்பது தெரிந்தது, அவ்வளவுதான்.

நோயாளி தன் குறையைச் சொல்லத் தொடங்கிய பிறகு மருத்துவர் எவ்வளவு நேரத்தில் குறுக்கிடுகிறார் என்று அமெரிக்காவில் 1984-இல் வெளிவந்த ஓர் ஆய்வு அளந்து பார்த்தது. சராசரி 18 விநாடி. 2017-இல் வந்த இன்னோர் ஆய்வு 67 நாடுகளில் முதல்நிலை மருத்துவர் ஒரு நோயாளியைப் பார்க்கும் நேரத்தைத் தொகுத்தது. வங்கதேசத்தில் 48 விநாடி, சுவீடனில் இருபத்திரண்டரை நிமிடம். வாசலில் நூறு பேரை வைத்துக்கொண்டு உள்ளே இருக்கும் மருத்துவரைக் குறைசொல்ல இதை எழுதவில்லை. சந்தை நாளன்று எங்கள் வரிசையும் புளியமரம் வரை நிற்கிறது. ஆனால் நேரம் குறைவாக இருக்கும்போது முதலில் வெட்டப்படுவது பேச்சாகவும், கடைசிவரை காப்பாற்றப்படுவது மருந்துச் சீட்டாகவும் இருப்பது சரியா என்று கேட்க வேண்டியிருக்கிறது.

சித்த மருத்துவத்தில் நோயைக் கணிக்க எண்வகைத் தேர்வு என்றொரு முறை இருக்கிறது. நாடி, தொடுவுணர்வு, நா, நிறம், மொழி, விழி, மலம், மூத்திரம் என்ற எட்டையும் பார்க்க வேண்டும். எங்களிடம் வருகிறவர்களில் சிலர் எதுவும் பேசாமல் கையை நீட்டிவிட்டு, “நாடி பார்த்தே எல்லாத்தையும் சொல்லிடுவீங்களாமே” என்று பரீட்சை வைப்பார்கள். அப்படிச் சொல்வதாக விளம்பரம் செய்பவர்களும் இருக்கிறார்கள். நாடி எட்டில் ஒன்றுதான். மற்ற ஏழையும் விட்டுவிட்டு அதை மட்டும் பிடித்துக்கொள்பவர் தம் மரபையே அரைகுறையாகப் படித்தவர் என்பேன். நோயாளியின் குரலும் பேச்சும் தனியொரு தேர்வாக அந்தப் பட்டியலில் இருப்பதை மறந்துவிடுகிறோம். திருக்குறளின் மருந்து அதிகாரத்தில் கடைசிக் குறள் மருத்துவத்தை நோயாளி, மருத்துவர், மருந்து, அருகிலிருந்து கவனிப்பவர் என்று நான்காகப் பிரித்துச் சொல்கிறது. ஆச்சியின் மருமகளுக்கும் அதில் இடம் இருக்கிறது.

மரபிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியதும் மரபில் கவனமாக இருக்க வேண்டியதும் ஒரே இடத்தில் சந்திப்பதற்கு மஞ்சள் காமாலை நல்ல எடுத்துக்காட்டு. காமாலை என்றால் கீழாநெல்லி என்பது நம் ஊரில் குழந்தைக்கும் தெரியும். அசுத்தமான தண்ணீராலும் உணவாலும் பரவும் ஹெபடைடிஸ் ஏ வகைக் காமாலை, பெரும்பாலானவர்களுக்கு ஓய்வும் எளிய உணவும் இருந்தால் சில வாரங்களில் தானாகவே இறங்கிவிடும். பெயர் கீழாநெல்லிக்குக் கிடைக்கும். அதில் எனக்கு வருத்தமில்லை. பித்தநாளத்தில் கல் அடைத்தாலோ, கணையத்தின் தலைப்பகுதியில் கட்டி வந்து நாளத்தை அழுத்தினாலோ வருவதும் அதே மஞ்சள்தான். அங்கே கீழாநெல்லியை அரைத்துக் குடித்துக்கொண்டிருக்கும் ஒவ்வொரு வாரமும் அறுவை சிகிச்சைக்கான வாய்ப்பைத் தின்றுகொண்டிருக்கும். இரண்டையும் பிரித்தறிய முதல் துப்பு எண்வகைத் தேர்விலேயே இருக்கிறது. மலம் வெளுத்துக் களிமண் நிறத்தில் போகிறதா, மூத்திரம் கடுந்தேநீர் நிறத்தில் இருக்கிறதா, உடம்பெல்லாம் அரிக்கிறதா, எடை குறைகிறதா என்று கேட்டால் போதும். ஆம் என்றால் அன்றைக்கே ஸ்கேனுக்கு அனுப்ப வேண்டும். மலத்தின் நிறத்தைக் கேட்கக் கூச்சப்படும் சித்த மருத்துவர், காமாலைக்கு மருந்து கொடுக்காமல் இருப்பது நல்லது. காமாலையோடு குழப்பமான பேச்சும் அசாதாரணத் தூக்கமும் சேர்ந்தால் அது ஈரல் செயலிழப்பின் அறிகுறி. ஒரு மணி நேரம்கூடத் தாமதிக்கலாகாது.

பத்தியத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். கரப்பான் என்னும் தோல் நோய்க்குக் கத்தரிக்காய் கூடாது, கருவாடு கூடாது என்று அச்சடித்த தாளை நீட்டுவது எளிது. தனியாக இருந்து பழைய சோற்றுக்குக் கருவாட்டைச் சுட்டுச் சாப்பிடும் ஒரு முதியவரிடம் அந்தத் தாளைக் கொடுத்தால், அவர் ஒன்று பத்தியத்தை முறிப்பார், அல்லது வெறுஞ்சோறு தின்று இன்னும் மெலிவார். முன்னோர் பத்தியம் சொன்ன காலத்தில் வைத்தியருக்கு அந்த வீட்டின் அடுப்பங்கரை தெரிந்திருந்தது. இன்று அது தெரியாது. ஆகவே கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். பிள்ளை பெற்றவளுக்குப் பூண்டுக் குழம்பும் சுறாப்புட்டும் கொடுக்கும் வழக்கத்தை நான் இருகை தட்டி வரவேற்பேன். வயிறு பெருக்கும் என்று சொல்லி அவளுக்குத் தண்ணீரை அளந்து கொடுக்கும் வழக்கத்தை எந்த ஏட்டில் இருந்தாலும் ஏற்க மாட்டேன். பால் கொடுப்பவளுக்குத் தாகம் அதிகம். அவள் கேட்கும்போதெல்லாம் கொடுக்க வேண்டும்.

இனி, கசப்பான ஒன்று. மூட்டு வலிக்கு “மூலிகைப் பொடி” என்று பொட்டலத்தில் கட்டிக் கொடுப்பவர்கள் இருக்கிறார்கள். மூன்று நாளில் வலி பறந்துவிடும், பசி நன்றாக எடுக்கும், உடம்பு தேறியது போலத் தோன்றும். சில மாதங்கள் கழித்து முகம் நிலா போல உருண்டு, வயிறு மட்டும் பெருத்து, கைகால் மெலிந்து, தோல் பட்ட இடமெல்லாம் கன்றிப்போய், இல்லாத சர்க்கரையும் வந்து எங்களிடம் வருவார்கள். மூலிகை இப்படிச் செய்யாது; பொடியில் ஸ்டீராய்டு கலந்திருந்தால்தான் இப்படி ஆகும். பயந்துபோய் அதை ஒரேயடியாக நிறுத்துவதும் ஆபத்து. நெடுநாள் வெளியிலிருந்து ஸ்டீராய்டு வந்துகொண்டிருந்ததால், உடம்புக்குத் தேவையான ஸ்டீராய்டைச் சுரக்கும் அட்ரீனல் சுரப்பி தன் வேலையை மறந்திருக்கும். திடீரென நிறுத்தினால் ரத்த அழுத்தம் சரிந்து ஆள் விழுந்துவிடலாம். மருத்துவரின் கண்காணிப்பில் படிப்படியாகக் குறைக்க வேண்டும். முறையாகத் தயாரான சித்த மருந்தின் மேலட்டையில் உரிம எண், தொகுதி எண், காலாவதி நாள், சேர்மானங்கள் ஆகியவை இருக்கும். பாதரசம், பாடாணம் போன்ற நச்சுச் சரக்கு சேர்ந்திருந்தால், மருத்துவரின் மேற்பார்வையில்தான் உண்ண வேண்டும் என்ற எச்சரிக்கையும் அச்சிட்டிருக்க வேண்டும் என்பது சட்டம். பெயரில்லாத பொட்டலத்தில் இவை எதுவும் இராது.

இப்படி வந்த ஓர் அம்மாவிடம், படித்த பிள்ளைகள் இருந்தும் ஏன் அங்கே போனீர்கள் என்று கேட்டேன். “அவர் அரை மணி நேரம் உக்காந்து கேட்டாரும்மா, எங்க வீட்டுக்காரர் செத்த கதையெல்லாம் கேட்டார்” என்றார். ஏமாற்றுக்காரரிடம் கூட்டம் சேர்வதற்கு மக்களின் அறியாமையைக் காரணம் காட்டுவது நமக்கு வசதி. முறையாகப் படித்த நாம் விட்டுவிட்ட நாற்காலியில் அவர் உட்கார்ந்திருக்கிறார் என்பதே உண்மை.

நவீன மருத்துவமும் தன் வழியில் இதே இடத்துக்கு வந்திருக்கிறது. 1967-இல் லண்டனில் இறுதிக்கால நோயாளிகளைப் பராமரிக்கும் செயின்ட் கிறிஸ்டோபர் இல்லத்தைத் தொடங்கிய சிசிலி சாண்டர்ஸ், புற்றுநோயாளியின் வலி உடம்பு, மனம், குடும்பம், ஆன்மா ஆகிய நான்கையும் சேர்ந்தது என்றார். அந்தப் பாதையில் 1993-இல் கோழிக்கோட்டில் தொடங்கிய வலிநிவாரண சேவையைப் பின்னர் அக்கம்பக்கத்துத் தன்னார்வலர்களே வீடு வீடாக எடுத்துச் சென்றார்கள். தமிழ்நாட்டில் 2021-இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்குப் போகும் பெண் தன்னார்வலர்கள், எங்கள் அறைக்கு ஒருபோதும் வராத செய்திகளைக் கொண்டுவருகிறார்கள்: மாத்திரைப் பட்டை அடுப்புக்கு மேலே வெக்கையில் செருகியிருக்கிறது, கண் தெரியாததால் காலை மாத்திரை இரவில் போகிறது, பேரனின் படிப்புச் செலவுக்காக ஒரு நாள் விட்டு ஒரு நாள்தான் போடுகிறார்.

ஆங்கில மருத்துவ நண்பர்களிடம் நான் கேட்பது சிறியது. “நாட்டு மருந்து ஏதும் சாப்பிடலையே?” என்று கேட்காதீர்கள், அந்தக் கேள்விக்கு ஒரே பதில்தான் உண்டு. “இந்த நோவுக்கு வீட்டுல என்ன பண்ணிப் பார்த்தீங்க?” என்று கேட்டுவிட்டு, வரும் பதிலுக்கு முகம் சுளிக்காமல் இருங்கள். இருமலுக்கு நாள்தோறும் அதிமதுரம் சப்புகிறவருக்கு ரத்த அழுத்தம் ஏறிப் பொட்டாசியம் இறங்கக்கூடும். அவர் நீர் பிரியும் மாத்திரையும் போடுபவராக இருந்தால் இதயத் துடிப்பே தடுமாறலாம். கொழுப்பு குறையும் என்று பிலிம்பி என்னும் புளிப்புக் காயின் சாற்றைச் செறிவாகக் குடித்துச் சிறுநீரகம் பழுதானவர்களைப் பற்றிக் கேரள மருத்துவர்கள் 2013-இல் எழுதியிருக்கிறார்கள். சொல்லும் சூழல் இருந்தால்தான் அந்தச் சாறே காரணம் என்று தெரியவரும்.

நோயாளிகளுக்கும் அவர்களை அழைத்து வருபவர்களுக்கும்: அடுத்த முறை எந்த மருத்துவரிடம் போனாலும், வீட்டில் இருக்கும் மாத்திரை, பொடி, லேகியம், எண்ணெய் எல்லாவற்றையும் ஒரே பையில் போட்டு எடுத்துப் போங்கள். பொட்டலமாக இருந்தால் பொட்டலத்தோடு. எது எந்த வேளையில், எத்தனை கரண்டி என்று சொல்லி, சீட்டில் எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை எடுப்பவர்களும், அறுவை சிகிச்சைக்கு நாள் குறித்திருப்பவர்களும், கருவுற்றிருப்பவர்களும் இதைக் கட்டாயம் செய்ய வேண்டும். மருத்துவர் ஏசினால், ஏசி முடிக்கும்வரை பொறுத்திருந்துவிட்டு, மீதியையும் சொல்லிவிட்டு வாருங்கள்.