ஒத்துக்கிட்டான்னா செஞ்சான்னு ஆயிடுமா?

போன வாரம் வெண்ணாத்துக் கரையோர ஊர்லேர்ந்து ஒரு அம்மா என் வக்கீல் ஆபீஸுக்கு வந்தாங்க. புள்ள கொலை கேஸ்ல ரிமாண்ட். உக்காரக்கூட இல்ல, போன நீட்டி "டிவில ஒத்துக்கிட்டான்னு போட்டுட்டாங்களே சார், இனிமே என்ன இருக்கு"ன்னு அழுவுறாங்க. இதே அழுகைய நான் எத்தன தடவ பாக்குறது?

போலீஸ்கிட்ட குடுத்த ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்ல செல்லாதுங்க. 1872 சாட்சியச் சட்டத்துல 25வது பிரிவு, 2024 ஜூலைலேர்ந்து புதுச் சட்டத்துல 23. அரிவாள் இருக்கிற எடத்த காட்டுறேன்னு சொல்லி அது கெடைச்சா அந்த வரி மட்டும் உள்ள வரும், வெட்டுனேன்னு சொன்னது வராது.

எனக்கு தாங்கவே முடியாதது, "செய்யாதவன் ஏன் ஒத்துக்கப் போறான்"ங்கிற கேள்விதான். மூணு நாளு தூங்க விடாம உக்கார வச்சு, கையெழுத்து போட்டா வீட்டுக்குப் போலாம், இல்லன்னா உன் தங்கச்சியயும் கூட்டிட்டு வருவோம்னு சொன்னா எவனும் போடுவான், நானும் போடுவேன், நீங்களும் போடுவீங்க. "எல்லாம் கரெக்டா சொல்லிருக்கானே"ம்பாங்க. எழுதுனவங்க சம்பவ எடத்த பாத்தவங்க, கரெக்டாதான் இருக்கும்.

பழைய கேஸ் ஒண்ணு, அஞ்சாவதோட நின்னு நாத்து பறிக்கப் போன பையன். வாக்குமூலத்துல "மேற்படி நீரொழுங்கியின் வடபுறம்"னு இருக்கு. ஜெயில்ல படிச்சுக் காட்டுனேன், "நீரொழுங்கின்னா என்ன சார்?"ன்னான். வாய்க்கால்ல தண்ணிய தொறந்து மூடுற அந்தக் கதவு, பொறந்ததுலேர்ந்து அவனுக்கு சட்ரஸ். அரிவாள மதகடி சேத்துலேர்ந்து எடுத்ததா மகஜர், அதாவது பொருள கைப்பத்துனப்ப போலீஸ் எழுதுற பேப்பர், சொல்லுது, அன்னைக்கு வாய்க்கால்ல இடுப்பளவு தண்ணி. மகஜர் சாட்சியா வந்த கிராம உதவியாளர் "ஸ்டேஷன்லதான் சார் கையெழுத்து போட்டேன்"னு கூண்டுல சொன்னாரு. பையன் விடுதலைதான், ஆனா அதுக்குள்ள நாலு வருஷம் போச்சு.

வெத்துப் பேப்பர்ல கையெழுத்தோ ரேகையோ வைக்காதீங்க. கூட்டிட்டுப் போன நாளு, நேரம், வண்டி நம்பர் உடனே எழுதி வைங்க. 24 மணி நேரத்துக்குள்ள மேஜிஸ்ட்ரேட் முன்னாடி கொண்டுவரணும், அங்க "அடிச்சாங்களா"ன்னு கேட்டா பயந்துகிட்டு இல்லன்னு சொல்லிடாதீங்கப்பா, சட்டைய தூக்கிக் காட்டுங்க, அவர் அத பதிவு பண்ணட்டும். மேஜிஸ்ட்ரேட்கிட்ட வாக்குமூலம் குடுக்கச் சொல்லி கொண்டுபோனா, இஷ்டமில்லன்னு தைரியமா சொல்லலாம், அப்படி சொன்னவன போலீஸ் காவலுக்கு அனுப்பக் கூடாதுன்னு சட்டமே இருக்கு. வக்கீலுக்கு காசில்லன்னா 15100க்கு போன் பண்ணுங்க, இலவச சட்ட உதவி கெடைக்கும்.

அந்த அம்மாகிட்ட, என்னைக்கு கூட்டிட்டுப் போனாங்கன்னு கேட்டேன். "செவ்வாக்கெழம சார், மாட்டுக்கு தண்ணி காட்டிட்டு இருந்தேன்"னாங்க. ரிமாண்ட் பேப்பர்ல கைது வெள்ளிக்கெழம காலைல. ஸ்டேஷன் கேமரா பதிவ அழிக்காம வைக்கச் சொல்லி அன்னைக்கே மனு போட்டாச்சு.